எடுக்காத சீட்டு

“நான்னா, நம்ம வீட்ல ஒருத்தருக்கும் நோவே வரலைன்னா, நாம கட்டின காசு எங்க போகும்?”

நாலாம் வகுப்புப் படிக்கும் மானசா, தட்டில் இருந்த பணியாரத்தைப் பிட்டுக்கொண்டே வீட்டுத் தெலுங்கில் கேட்ட கேள்வி இது. அப்பன் சுந்தரராஜுலுவுக்குப் பதில் தெரியவில்லை. பதில் தெரியாத கேள்வியை அப்படியே விட்டுவிடுவதுதான் பெரியவர்களின் வழக்கம். இவர் விடவில்லை. அதனால்தான் அந்த வருடம் ஒரு வீதியே மாறி மாறி ஆஸ்பத்திரியில் போய்ப் படுத்தது.

சூலூரிலிருந்து பல்லடம் போகிற வழியில் இருக்கிறது அந்தப் பட்டறை வீதி. இருபத்துநாலு பட்டறைகள். பம்புக்கு ஷாப்ட் கடைவார்கள், கிரைண்டருக்கு உதிரி செய்வார்கள், எரிந்த மோட்டாருக்குக் காயில் கட்டுவார்கள். விமானப்படை விமானம் தலைக்கு மேல் போகும்போது பேச்சை நிறுத்துவார்கள். போனதும் விட்ட எழுத்திலிருந்து தொடர்வார்கள். எல்லோரும் முதலாளிகள். ஆனால் தானே லேத்தை ஓட்டி, தானே பில் போட்டு, சாயந்தரம் தானே பட்டறையைக் கூட்டுகிற முதலாளிகள்.

இந்த மாதிரி முதலாளிகளுக்கு நோவு வந்தால்தான் சங்கடம். அரசாங்கக் காப்பீட்டு அட்டை கேட்டால், வருமானம் கூடுதல் என்பார்கள். ஈ.எஸ்.ஐ. கேட்டால், அது தொழிலாளிக்கு, நீங்கள் முதலாளி என்பார்கள். தனியாக இன்சூரன்ஸ் எடுக்கப் போனால், இருக்கிற நோவுக்கு மூன்று வருடம் பொறுக்கச் சொல்வார்கள். நோவு பொறுக்க வேண்டுமே!

இதற்கு ஒரு வழி கண்டவர் பட்டறைச் சங்கத்தின் செயலாளர் கதிரேசன். அவருடைய அப்பா அங்கப்பன் கடைசிவரை பிறர் தோட்டத்தில் கூலிக்கு வேலை செய்தவர். ஆஸ்பத்திரியில் பணம் கட்டுகிற ஜன்னலுக்கும் வார்டுக்கும் நடுவே ஒரு பெஞ்சில் அவர் உயிர் போனது. அதைக் கதிரேசன் யாரிடமும் சொல்லிக்கொள்வதில்லை. ஆனால் இன்சூரன்ஸ் கம்பெனிக்கு ஏழு தடவை நடந்து, சங்கத்தின் பேரில் ஒரு குழுக் காப்பீடு வாங்கிவந்தார். குடும்பத்துக்கு மாதம் ஆயிரம். நான்கு லட்சம் வரை கம்பெனி கட்டும். பழைய நோவு, புது நோவு என்று பார்க்காது.

முதல் வருடம் ஒரு பிரசவம், ஒரு கால் முறிவு. அவ்வளவுதான் செலவு. இரண்டாம் வருடம் மானசா பணியாரம் தின்றாள்.

கொங்கு நாட்டில் பிறந்தவருக்குச் சீட்டைப் பற்றி விளக்க வேண்டியதில்லை. இருபது பேர் மாதம் இவ்வளவு என்று போடுவார்கள். மாதம் ஒருவர் எடுப்பார். கடைசி ஆள் எடுத்ததும் சீட்டு முடியும். முதலில் எடுப்பவன் அவசரக்காரன், கடைசியில் எடுப்பவன் கெட்டிக்காரன். எடுக்காமலே போனவன் என்று ஒருவன் அந்தச் சரித்திரத்திலேயே கிடையாது.

அந்த வீதியில் ஷாப்ட் கடைகிற சுந்தரராஜுலு நேராகக் கதிரேசனின் பட்டறைக்குப் போனார்.

“ஏனுங் கதிரேசு, ஒரு சந்தேகமுங்க.”

“சொல்லுங்கண்ணா.”

“பதினாலு மாசமாக் கட்டிப்போட்டேன். நம்ம முறை எப்பங்க?”

“என்ன முறைங்கண்ணா?”

“எடுக்கற முறைதானுங்க.”

கதிரேசன் லேத்தை நிறுத்தினார். “அண்ணா, நோவு வந்தாத்தானுங்க எடுக்க முடியும்.”

“அப்ப நோவு வராதவன் ஏமாளிங்களா? எனக்கு அம்பத்திநாலு வயசுங்க. இன்னைக்கு வரைக்கும் ஒரு மாத்திரை முழுங்குனதில்லை.”

“அது பெருமாள் குடுத்த வரம்னு வெச்சுக்குங்கண்ணா.”

“பெருமாள் குடுத்தது பெருமாள் கணக்குங்க. நான் கேக்கறது கம்பெனி கணக்கு.”

அதற்குள் விமானம் வந்துவிட்டது. அது போவதற்குள் ராஜுலு முடிவெடுத்துவிட்டார்.

ஆனி மாதத்தில் ஒரு நல்ல நாள் பார்த்து, தலைக்குக் குளித்து, நெற்றியில் திருமண் இட்டு, சலவை வேட்டி கட்டி, மாற்றுத்துணியும் சோப்பும் பிளாஸ்க்கும் எடுத்துக்கொண்டு கோயமுத்தூருக்குப் புறப்பட்டார். மனைவி ராமாமணி வாசலில் நின்று தடுத்துப் பார்த்தாள்.

“நோவுன்னு வாய்ல சொல்லாதீங்க. அது வாசப்படியேறி வந்து ‘கூப்பிட்டீங்களா’ன்னு கேக்கும்.”

“வந்தா நயா பைசா செலவில்லை, கம்பெனி பாத்துக்கும்” என்று சொல்லிவிட்டு அவர் பஸ் ஏறினார்.

ஆஸ்பத்திரியில் ஓர் இளம் டாக்டர் கேட்டார். “என்ன பண்ணுது சார்?”

“ஒண்ணும் பண்றதில்லீங்க.”

“அப்புறம்?”

“அதுதானுங்க சந்தேகமா இருக்குது. இத்தனை வயசாயும் ஒண்ணுமே பண்றதில்லை.”

டாக்டர் பேனாவை மூடிவிட்டார். ஆனால் முன்மேசையில் இருந்த ஆள் உலகம் தெரிந்தவர். இன்சூரன்ஸ் அட்டையைத் திருப்பித் திருப்பிப் பார்த்துவிட்டு, “நெஞ்சு பாரமா இருக்குதுங்களா சார்?” என்று பரிவோடு கேட்டார். ராஜுலு பொய் சொல்லிப் பழகாதவர். யோசித்தார். ஜி.எஸ்.டி. கட்ட நாலே நாள் இருந்தது. மனச்சாட்சிக்கு விரோதமில்லாமல், “பாரமாத்தானுங்க இருக்குது” என்றார். உடனே சக்கர நாற்காலி வந்தது.

இரண்டு நாள் குளுகுளு அறையில் படுத்திருந்தார். கர்ப்பப்பை ஒன்றைத் தவிர எல்லாவற்றையும் பரிசோதித்தார்கள். எல்லாம் இருபது வயதுப் பையனுக்கு இருப்பதுபோல இருந்தது. உப்பில்லாத இட்லி ஒன்றுதான் குறை. பில் ஐம்பத்தெட்டாயிரத்து எழுநூறு. ‘எடுத்துவிட்டோம்’ என்ற நிறைவில் அவருக்கு நல்ல தூக்கம் வந்தது.

வீதியிலிருந்து பார்க்க வந்தவர்கள் இருவர். மோட்டாருக்குக் காயில் கட்டும் ரசாக் பாய், அவர் மனைவி உம்மல் குல்சும். அன்றைக்கு லிப்ட் வேலை செய்யவில்லை. மூன்று மாடி ஏறி வந்த குல்சும் கதவருகிலேயே நாற்காலியில் உட்கார்ந்துவிட்டாள். பேச வாயெடுத்தாள், மூச்சு வரவில்லை. கையிலிருந்த தூக்குப் போசியை மட்டும் நீட்டினாள்.

“பூண்டும் வெந்தயமும் போட்ட கஞ்சிங்கண்ணா” என்றாள் கொஞ்ச நேரம் கழித்து. “நெஞ்சுக்கு நல்லதுங்க. பயப்படாதீங்க, ஒண்ணும் ஆகாது. நான் உங்களுக்காக நேர்ந்துக்கிட்டேன்.”

ராஜுலு ரசாக்கைப் பார்த்தார். ரசாக் ஜன்னலைப் பார்த்தார். விஷயம் அவருக்குத் தெரியும். மனைவியிடம் சொல்லவில்லை என்பது அந்தப் பார்வையிலேயே தெரிந்தது.

“உங்களுக்குத்தான் மூச்சு வாங்குது, அம்மணி” என்றார் ராஜுலு.

“எனக்கென்னங்கண்ணா, கொஞ்சம் தடிச்சுப்போட்டேன். நடந்தாச் சரியாப் போகும்.”

கஞ்சி நன்றாக இருந்தது. அதுதான் அவருக்கு என்னவோ போல் இருந்தது.

ஊர் திரும்பியதும் அந்த ‘என்னவோ’ மறந்துபோனது. வீதி அவரைச் சீட்டு எடுத்த ஆளாகவே வரவேற்றது. எதிர்ப்பட்டறை நரசிம்மலு பில்லை வாங்கி, ஐம்பத்தெட்டாயிரத்தை இரண்டு முறை வாய்விட்டு வாசித்தார்.

“ஏனுங்ணா, ஏ.சி. இருந்துச்சுங்களா?”

“விடிய விடியங்க.”

“டி.வி.?”

“கட்டிலுக்கு நேரா.”

நரசிம்மலு பெருமூச்சு விட்டார். “எனக்கும் நெஞ்சு பாரமாத்தான் இருக்குதுங்க.”

அடுத்து ஆடி பிறந்தது. ஆடியில் பட்டறைகளுக்கு ஆர்டர் குறைவு. கையும் சும்மா இருக்கும், லேத்தும் சும்மா இருக்கும். எல்லோரும் ஒரே நாளில் படுத்தால் வீதி வெறிச்சோடிவிடும் என்று, பேர் எழுதிக் குலுக்கிப் போட்டு முறை வைத்துக்கொண்டார்கள். ஒருவர் கழுத்துக்குப் போனார். ஒருவர் குதிகாலுக்குப் போனார். ஒருவர் பிறந்ததிலிருந்து கோணலாக இருந்த மூக்கை நிமிர்த்திக்கொண்டு வந்தார். அவருடைய கைப்பேசி இரண்டு நாள் முகத்தை அடையாளம் தெரியாமல் திறக்க மறுத்தது. நரசிம்மலுவின் சீட்டு தீபாவளிக்கு முந்தின வாரம் விழுந்தது. “பலகாரம் சுடற நேரத்துல படுக்கச் சொல்றீங்களே, நியாயமா?” என்று சண்டை பிடித்து, முகூர்த்தமில்லாத மார்கழிக்கு மாற்றிக்கொண்டார்.

கதிரேசன் சொல்லிப் பார்த்தார். “அண்ணா, இது சீட்டு இல்லீங்க.” அவர்கள் ஒத்துக்கொண்டார்கள். “ஆமாங்க கதிரேசு. சீட்டுன்னா எடுக்கறப்பத் தள்ளுன்னு ஒரு தொகையக் கழிச்சுக்குவாங்க. இதுல தள்ளே இல்லீங்க.”

பங்குனி வந்தது. மார்ச் முப்பத்தொன்றோடு பாலிசி முடிகிறது. கம்பெனியிலிருந்து அன்புக்கரசி என்ற பெண் மடிக்கணினியோடு வந்தாள். சங்க அறையில் இருபத்துநாலு பேரும் கூடினார்கள். டீயும் வர்க்கியும் வந்தன.

“இந்த வருசம் நீங்க எல்லாருமாக் கட்டினது ரெண்டு லட்சத்து எம்பத்தெட்டாயிரமுங்க” என்றாள் அவள். “எடுத்தது அஞ்சு லட்சத்து எழுபத்திரண்டாயிரம்.”

“அப்ப நாமதானுங்க ஜெயிச்சோம்!” என்று நரசிம்மலு கை தட்டினார். இன்னும் நாலைந்து பேர் தட்டினார்கள்.

“அதனால வர்ற வருசத்துக்குக் குடும்பத்துக்கு இருபத்தோராயிரமுங்க. மொத்தமா முன்னாலயே கட்டணும்.”

கைதட்டல் நின்றது. மேலே விமானம் போயிற்று. போன பிறகும் யாரும் பேசவில்லை.

“எடுத்ததுக்கு அபராதமுங்களா அம்மணி?” என்றார் மூக்கு நிமிர்ந்தவர்.

“இல்லீங்க சார். எங்க கம்பெனி காசுன்னு தனியா ஒண்ணும் கிடையாதுங்க. உங்க காசுதான் சுத்தி வருது. சீட்டுல முறை வந்தா லாபம். இதுல முறை வராமப் போறதுதானுங்க லாபம். நோவு வராதவங்க காசுலதான் நோவு வந்தவங்க பொழைக்கறாங்க. ஊருக்கும் அதுதான், நாட்டுக்கும் அதுதானுங்க.”

எல்லோரும் தலையாட்டினார்கள். புரிந்தது. புரிந்ததும் பயம் வந்தது. ராஜுலு மெல்லக் கேட்டார்:

“வெலகிக்கிட்டா, இந்த வருசம் எடுத்ததைத் திருப்பிக் கேப்பீங்களா அம்மணி?”

“மாட்டோமுங்க சார்.”

“அப்ப நான் வெலகிக்கறனுங்க. எனக்குத்தான் நோவு வர்றதில்லையே.”

அவர் கை தூக்கியதும் இன்னும் எட்டுக் கைகள் எழுந்தன. அன்புக்கரசி எண்ணிவிட்டு மடிக்கணினியை மூடினாள். “இருபத்துநாலு குடும்பமும் இருந்தாத்தாங்க இந்த ரேட்டு. இருபதுக்குக் கொறைஞ்சா குழுக் காப்பீடே கிடையாதுங்க.”

அப்போது ரசாக் எழுந்து, யார் முகத்தையும் பார்க்காமல், செருப்பை மாட்டிக்கொண்டு வெளியே போனார். அவருடைய டீ ஆடை படிந்து அப்படியே இருந்தது.

“பாய்க்கு என்னாச்சுங்க?” என்றார் நரசிம்மலு.

கதிரேசன் தொண்டையைச் செருமினார். “சொல்ல வேண்டாம்னாருங்க. சொல்லாம முடியலை. குல்சும் அக்காவுக்கு இருதயத்துல வால்வு சுருங்கிப்போச்சுங்களாம். மூணு வாரம் மருந்து குடுத்துத்தான் ஆபரேசன் பண்ணுவாங்களாம். சித்திரை மொத வாரம் நாள் குறிச்சிருக்குது. மூணரை லட்சமாகுமுங்க.”

சித்திரை என்றால் ஏப்ரல். பாலிசி மார்ச்சோடு முடிகிறது. இதை யாரும் யாருக்கும் விளக்க வேண்டியிருக்கவில்லை. மூக்கு நிமிர்ந்தவர் மூக்கைத் தடவினார்.

“இந்த வருசம் பாய் ஒரு தடவைகூட எடுக்கலையே?” என்றார் ஒருவர்.

“இல்லீங்க. காயில் கட்டற மிசினை விக்கறதுக்கு ஆள் பாத்துட்டு இருக்கறாரு.”

எழுந்த ஒன்பது கைகளும் எப்போதோ கீழே இறங்கியிருந்தன. ஆனால் இருபத்தோராயிரம் இருபத்தோராயிரமாகவே இருந்தது. அந்த ஒன்பது பேரில் மூன்று பேருக்குத் தீபாவளியிலிருந்து ஆர்டர் இல்லை என்பது கதிரேசனுக்குத் தெரியும். ‘இல்லை’ என்று சொல்ல நாக்குக் கூசுகிற ஊர் அது. அதனால் ‘வேண்டாம்’ என்று சொல்வார்கள்.

அவர் ஒரு காகிதத்தில் கணக்குப் போட்டுவிட்டுச் சொன்னார். “மொத்தம் அஞ்சு லட்சத்து நாலாயிரம் வேணுமுங்க. தலைக்கு இவ்வளவுன்னு வேண்டாம். இந்த ரூம்புல ஒரு எண்ணெய் டின்னு வெக்கறேன். மூடிய ஒட்டிப்போட்டு, மேல ஒரு கீறல். ஒருத்தரொருத்தராத் தனியா வந்து, முடிஞ்சதைப் போட்டுட்டுப் போங்க. இருக்கறவங்க கூடப் போடுங்க, இல்லாதவங்க கொறையப் போடுங்க. யாரு எவ்வளவுன்னு எனக்கும் தெரிய வேண்டாம். பேரு இருபத்துநாலும் பட்டியல்ல இருக்கும்.”

அறையில் பெரிய சலசலப்பு எழுந்தது. நியாயம்தான். ஒரு ரூபாய் மொய்க்கும் பேரும் ஊரும் எழுதி, மைக்கில் சொன்னால்தான் மனது ஆறுகிற சீமை அது.

“பேரில்லாம எப்புடீங்க காசு போடறது?” என்றார் நரசிம்மலு. “நாளைக்கு எம்பட ஊட்டு விசேசத்துக்கு யாரு எவ்வளவு செய்யணும்னு எப்புடித் தெரியும்?”

“அம்பது ரூபாயப் போட்டுட்டு அஞ்சாயிரம் போட்ட மாதிரி நெஞ்சை நிமித்திட்டு வந்தா?” என்றார் இன்னொருவர்.

“வரட்டுங்க” என்றார் கதிரேசன். “கோயில் உண்டியல்ல போடறப்ப சாமி ரசீதா குடுக்குது?”

செவ்வாய்க்கிழமை வந்தது. மாதாந்திர மின்தடை நாள். காலை ஒன்பதிலிருந்து கரண்ட் இல்லை, லேத் ஓடாது. அந்த நாள்தான் டின்னுக்கு வாய்த்தது. எல்லோரும் டீக்கடையில் உட்கார்ந்துகொண்டு, உள்ளே போகிறவரின் சட்டைப்பை எவ்வளவு புடைத்திருக்கிறது, உள்ளே எத்தனை நிமிடம் இருக்கிறார் என்று பார்த்தார்கள். இதை எதிர்பார்த்தோ என்னவோ, வெறுங்கையோடு வந்தவர்கூட மேல்துண்டைச் சுருட்டி மடியில் செருகி, வயிற்றைப் பெரிதாக்கிக்கொண்டு போனார். நரசிம்மலு உள்ளே கால்மணி நேரம் இருந்தார். வெளியே வந்ததும், “எண்ணி எண்ணிப் போட்டு வெரலு வலிக்குதுங்க” என்று எல்லோருக்கும் கேட்கும்படி சொன்னார்.

ராஜுலுவும் போனார். விலகுகிறேன் என்ற வாயால் திரும்ப வந்தாயிற்று. அதுவே பெரிது என்று அவர் நினைத்தார். தன் பங்கு இருபத்தோராயிரத்தை மூன்று முறை எண்ணிப் போட்டார். ஒரு ரூபாய் கூடவுமில்லை, குறையவுமில்லை. வெளியே வரும்போது மனது லேசாக இருந்தது.

பொழுது சாயும் நேரத்தில் டின்னை வெட்டி, எல்லோர் முன்னிலையிலும் எண்ணினார்கள். ஐந்நூறு, நூறு, கசங்கிய பத்து. ஒரு சின்னப் பொட்டலத்தில் ஒரு ஜோடிக் கம்மல் இருந்தது. பக்கத்தில் அடகுக்கடைக்காரர் எடைபோட்டு விலை எழுதிய சீட்டும் இருந்தது. யாருடையது என்று யாரும் கேட்கவில்லை. மொத்தம் நான்கு லட்சத்து நாற்பத்திரண்டாயிரத்து ஐந்நூறு.

அறுபத்தோராயிரத்து ஐந்நூறு குறைந்தது.

ஒருவரையொருவர் பார்த்துக்கொள்வதைத் தவிர்க்க எல்லோரும் டின்னைப் பார்த்தார்கள். கதிரேசன் யாரையும் குறை சொல்லவில்லை. நோட்டுகளை ரப்பர் போட்டுக் கட்டினார்.

“நாளைக்கு மத்தியானம் மூணு மணிக்குள்ள கம்பெனிக்குப் போகோணுமுங்க. அதுவரைக்கும் வேற டின்னு வெக்கறேன். சாவி கதவுக்குப் பக்கத்துல ஆணியில இருக்கும்.”

ராஜுலு வீட்டுக்கு நடந்தார். நாம் போட வேண்டியதைப் போட்டாயிற்று என்று தனக்குத்தானே இரண்டு முறை சொல்லிக்கொண்டார். ஒரு முறை சொன்னால் போதுமாக இருந்திருக்க வேண்டும். ரசாக்கின் பட்டறையைத் தாண்டும்போது, ரசாக் கையில் பேரீச்சம்பழப் பொட்டலத்தோடும் பால் பாக்கெட்டோடும் வேகமாக வந்தார்.

“ஏனுங் பாய், இவ்வளவு அவசரம்?”

“நோன்பு தொறக்கற நேரமாச்சுங்கண்ணா.”

“ரம்ஜான்தான் முடிஞ்சுபோச்சே? யாருங்க நோன்பு?”

ரசாக் நின்றார். சொல்லாமல் போய்விடலாமா என்று பார்த்தார். பால் பாக்கெட்டிலிருந்து சொட்டுச் சொட்டாகத் தண்ணீர் விழுந்துகொண்டிருந்தது.

“குல்சுமுங்க. ரம்ஜான் நோன்பே வேண்டாம்னு டாக்டர் சொன்னாரு, கேட்டுக்கிட்டா. இதை மட்டும் விடமாட்டேங்கறா. போன வருசம் நீங்க ஆஸ்பத்திரில இருந்தப்ப உங்களுக்காக மூணு நோன்பு நேர்ந்துக்கிட்டாளுங்க. ரெண்டு அப்பவே வெச்சுட்டா. ஒண்ணு பாக்கி நின்னு போச்சு. ஆபரேசனுக்குப் போறப்ப பாக்கி வெச்சுட்டுப் போகக்கூடாதுங்கறா.”

ராஜுலு அந்தப் பேரீச்சம்பழப் பொட்டலத்தைப் பார்த்தார்.

“நான் சொல்லியிருக்கோணுமுங்க” என்றார் ரசாக் தரையைப் பார்த்து. “அண்ணனுக்கு ஒண்ணுமில்லை, சும்மாத்தான் போய்ப் படுத்தாருன்னு. சொன்னா உங்களைப் பத்தி ஒரு நெனப்பு வெச்சிருக்கறாளே, அது போயிருமேன்னு சொல்லலீங்க.”

பாங்கு சொல்லும் ஓசை கேட்டது. ரசாக் ஓடினார்.

ராஜுலு அன்று சாப்பிடும்போது ராமாமணி இரண்டாம் தடவை சோறு போட வந்தாள், வேண்டாம் என்றார். அவள் நெற்றியைத் தொட்டுப் பார்த்தாள். கொதிக்கவில்லை.

“என்ன பண்ணுது?”

“ஒண்ணும் பண்ணலை” என்றார். வாழ்க்கையில் முதல் தடவையாக அது பொய்.

பெருமாள் படத்தின் முன் வழக்கம்போல் நின்றார். ஐம்பத்துநாலு வருடமாக ‘ஒரு குறையும் வைக்கவில்லையே சாமி’ என்று நன்றி சொல்லித்தான் அவருக்குப் பழக்கம். அன்று அந்த வார்த்தை பாதியில் நின்றது. தனக்கு வராத நோவுக்கு ஒருத்தி பட்டினி கிடந்திருக்கிறாள். மூன்று மாடி ஏறியிருக்கிறாள். கம்பெனி கணக்கில் எழுதாத செலவு அது. அவரைச் சுகமாக வைத்ததில் பெருமாளுக்கு எவ்வளவு பங்கு, இந்த மாதிரி யார் யாருக்கோ எவ்வளவு பங்கு என்று அவருக்குப் பிரித்துப் பார்க்கத் தெரியவில்லை. கும்பிட்டுவிட்டுப் படுத்தார்.

அப்புறம் நடந்தது வீதிக்கே தெரியும். புதன்கிழமை மத்தியானம் கதிரேசன் இரண்டாவது டின்னைத் திறந்தார். வேண்டியதற்கு மேல் ஆயிரத்து ஐந்நூறு இருந்தது. கம்மலை அப்படியே காகிதத்தில் மடித்து, போட்டவர் எடுத்துக்கொள்ளட்டும் என்று ஆணியில் மாட்டினார் என்றால் அழகாக இருந்திருக்கும். அதற்கு இடமில்லை, கம்மலின் விலையும் சேர்ந்துதான் கணக்கு சரியாயிற்று. மூன்று மணிக்குப் பத்து நிமிடம் இருக்கும்போது பணம் கம்பெனிக்குப் போனது. குல்சுமுக்கு ஆபரேசன் நல்லபடி முடிந்தது. நாற்பது நாளில் அவள் கடைவீதிக்கு நடந்தே போய்ப் பூண்டு வாங்கி வந்தாள். இரண்டாவது டின்னை நிரப்பியது யார் என்று டீக்கடையில் வெகுநாள் பேச்சு நடந்தது. நரசிம்மலுவிடம் கேட்டபோது, அவர் மறுக்காமல் சிரித்தார். அதனால் பாதிப் பேர் அவரென்றே நம்பினார்கள். மீதிப் பேர் கதிரேசனே போட்டிருப்பார் என்றார்கள். ராஜுலுவை மட்டும் யாரும் சந்தேகப்படவில்லை.

வீதிக்குத் தெரியாதது இவ்வளவுதான்.

கடைசலில் விழும் இரும்புச் சுருளை மூன்று வருடமாக விற்று, ராமாமணியின் கணக்குக்குள் வராமல், ஒரு பழைய புல்லட் வண்டி வாங்க ராஜுலு சேர்த்து வைத்திருந்த பணம் அறுபத்து மூவாயிரம். பேரிங் வந்த அட்டைப்பெட்டியில், பட்டறை அலமாரியின் அடித்தட்டில் இருந்தது. புதன்கிழமை காலை பத்தரை மணிக்கு வீதியில் ஓர் ஆள் இல்லை. முந்தின நாள் நின்றுபோன வேலையைப் பிடிக்க எல்லா லேத்தும் ஒன்றாக ஓடின. அவர் தன் லேத்தை நிறுத்தினார். கையிலிருந்த எண்ணெயைத் துடைத்தார். பெட்டியைத் துண்டில் சுற்றிக்கொண்டு சங்க அறைக்குப் போனார்.

டின்னின் கீறல் சின்னது. கட்டாகப் போட முடியவில்லை. ரப்பரைக் கழற்றி ஒவ்வொரு நோட்டாகப் போட வேண்டியிருந்தது. எண்ணவில்லை. நடுவில் புல்லட் வண்டி ஒரு தடவை மனதில் வந்து நின்றது. அது போகும்வரை பொறுத்திருந்து, மறுபடி போட்டார். கடைசி நோட்டு கீறலில் பாதி வெளியே நீட்டிக்கொண்டு நின்றது. விரலால் தள்ளிவிட்டார்.

கதவைப் பூட்டி, சாவியை ஆணியில் மாட்டிவிட்டு, தன் பட்டறைக்குத் திரும்பி, பாதியில் நின்ற ஷாப்டை எடுத்து லேத்தில் கட்டினார்.